றீலின் தலையில் என் முகம்

வேலையை விட்டுப் பதினொரு வருடம் ஆகிவிட்டது. இப்போது எனக்கு வரும் தொலைபேசி அழைப்புகளில் பாதி மருந்துக் கடையிலிருந்து. மீதி, என் வீட்டுக் கூரையை இலவசமாகப் பரிசோதித்துத் தர ஆசைப்படும் அந்நியர்களிடமிருந்து. ரொறன்ரோவுக்குப் பக்கத்தில், பிக்கரிங்கில் வீடு வாங்கியவன் கூரையைப் பற்றிக் கவலைப்பட்டே சாக வேண்டும் என்று இவர்கள் முடிவு செய்துவிட்டார்கள். ஆகவே சென்ற வாரம் ஒரு பெண் குரல், "அருளப்பு சார்தானே பேசறது?" என்று சென்னைத் தமிழில் கேட்டபோது இதுவும் கூரைதான் என்று நினைத்து வைக்கப் போனேன்.

"வச்சிடாதீங்க சார். என் பேர் பவித்ரா. படங்களுக்கு நிறம் சரிபண்ற கலரிஸ்டா இருக்கேன். கேமராமேன் றைமுண்டோவோட கடைசிப் படத்தைப் புதுப்பிக்கிற வேலை எங்கிட்ட வந்திருக்கு. ஒரு போட்டோ அனுப்பியிருக்கேன். அது நீங்களான்னு மட்டும் சொல்லுங்க."

பார்த்தேன். கறுத்த முகம், மீசை, தாடைக்குக் கீழே ஒரு சாம்பல் நிற அட்டை, பின்னால் பனி. இருபத்தொன்பது வயது நான். என் மனைவி றெஜினா தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்துவிட்டு, "உந்தக் காது இருக்கேக்க என்ன சந்தேகம்" என்றாள்.

பவித்ரா விஷயத்துக்கு வந்தார். ஆவணக் காப்பகத்திலிருந்து வந்த பெட்டிகளில் என் பழைய கொப்பி ஒன்று இருந்திருக்கிறது. தமிழில் எழுதியது என்பதால் அவரிடம் கொடுத்திருக்கிறார்கள். ஒவ்வொரு பக்கத்திலும் இரண்டு நிரல்கள். ஒன்றின் தலையில் 'கேட்டது', மற்றதில் 'கொடுத்தது'.

"எல்லாப் படத்துக்கும் ரெண்டும் ஒரே நம்பரா இருக்கு சார். கடைசிப் படத்துல மட்டும் பக்கத்துக்குப் பக்கம் வேற வேற. றைமுண்டோ கையெழுத்துப் போட்ட லிஸ்ட் எங்ககிட்ட இருக்கு. அது 'கேட்டது'கூட ஒத்துப்போகுது. ஆனா தியேட்டருக்குப் போன பிரிண்ட் 'கொடுத்தது' மாதிரி இருக்கு. நான் எதை வச்சுப் பண்றது?"

பிறகு தொலைபேசி எடுக்கிறேன் என்றேன். மூன்று நாள் எடுக்கவில்லை. அந்தக் கொப்பி, நான் வேலை செய்த ஃபிலிம் லாப்பை மூடியபோதே குப்பைக்குப் போயிருக்கும் என்று நினைத்து நிம்மதியாக இருந்தவன் நான்.

நான் செய்த வேலையை முதலில் சொல்லிவிடுகிறேன். ஃபிலிம் லாப்பில் கலர் ரைமர். கமராவுக்குள்ளிருந்து வரும் நெகற்றிவ் ஒரு காட்சி வெளிறி, ஒரு காட்சி கறுத்து, ஆளுக்கொரு திசையில் நிற்கும். அவற்றை ஒரே படமாகத் தெரியும்படி பிரிண்ட் போட வேண்டும். பிரிண்டர் இயந்திரத்தில் மூன்று விளக்குகள்: சிவப்பு, பச்சை, நீலம். ஒவ்வொன்றுக்கும் ஒன்றிலிருந்து ஐம்பது வரை எண். இருபத்தைந்து நடு. ஒவ்வொரு காட்சிக்கும் மூன்று எண்களைத் தீர்மானிப்பதுதான் என் உத்தியோகம். நெகற்றிவ் தலைகீழ் என்பதால் எங்கள் கணக்கும் தலைகீழ். படத்தில் நீலம் கூட வேண்டுமென்றால் நீல விளக்கைக் குறைக்க வேண்டும். இதைப் பழகவே எனக்கு ஒரு வருடம் பிடித்தது. அதற்கு முன் நாலு வருடம் இரசாயனத் தொட்டிகளுக்குப் பக்கத்தில் நின்றேன். மன்னாரில் கணக்குப் படித்து வாத்தியாராக வர இருந்தவனுக்கு ரொறன்ரோவில் கிடைத்தது அதுதான்.

எங்கள் தலைமை ரைமர் ஃபெரென்ஸ், ஹங்கேரியர். கோடையிலும் சாம்பல் நிற மேலங்கி. அவருடைய அறைக்குள் நிறமுள்ள உடுப்போடு யாரும் போக முடியாது. சட்டையின் சிவப்பு திரையில் போய் விழும் என்பார். ஒரு நத்தார் பண்டிகைக்கு றெஜினா வாங்கித் தந்த சிவப்புக் கம்பளிச் சட்டையைப் போட்டுக்கொண்டு போனேன். அவர் கதவுக்கு வெளியே இருந்த ஆணியைக் காட்டினார். நாள் முழுக்கக் குளிரில் விறைத்தேன். படம் பார்க்க முன் பத்து நிமிடம் ஒரு சாம்பல் சுவருக்கு முன்னால் கதிரையைப் போட்டு இருத்திவிடுவார். கண்ணைக் கழுவுவது என்று அதற்குப் பெயர். வருடத்துக்கு ஒரு தடவை கண் பரிசோதனை. ஒரு மரப் பெட்டியில் எண்பத்தைந்து சின்ன மூடிகள் இருக்கும். ஒன்றுக்கொன்று மயிரிழை வித்தியாசத்தில் நிறம் மாறிக்கொண்டு போகும். குலைத்துப் போட்டு, ஒழுங்காக அடுக்கச் சொல்வார். எங்கே பிழை விடுகிறோமோ அங்கே கண் பழுது. அடுக்க முடியாமல் போன ஒருவரை அடுத்த வாரமே பொதி கட்டும் பிரிவுக்கு மாற்றினார்.

முதல் நாள் அவர் எனக்குச் சொன்னது இது: "படம் எடுத்தவன் கேட்டதைக் கொடு. கேட்டது பிழையெண்டால் அவனுக்கு முகத்துக்கு நேரே சொல்லு. சொல்லாமல் திருத்தாதே. சொல்லாமல் திருத்துறவன் கள்ளன்." ஆங்கிலத்தில்தான் சொன்னார். என் தலைக்குள் அது எப்போதும் என் பேச்சுத் தமிழிலேயே கிடக்கிறது. இந்தக் கட்டுரையில் வெள்ளைக்காரரும் பிரேசில்காரரும் மன்னார்க்காரர்போலப் பேசினால் குற்றம் என்னுடையது.

பிரேசில்காரன் என்றது றைமுண்டோவை. அந்த நாட்டின் வடகிழக்கில், வருடக் கணக்காக மழை பெய்யாத ஊரில் பிறந்தவன். கோவில் திருவிழாக்களில் யாத்திரிகர்களை நிறுத்திப் படம் எடுத்துக் கொடுக்கும் ஒருவரிடம் தொழில் பழகினான். பிறகு செய்திப் படங்கள், அதன் பிறகு முழுநீளப் படங்கள். இராணுவ ஆட்சிக்காரருக்கு அவன் எடுத்த ஒன்று பிடிக்கவில்லை. ஒரு ஒளிமானியும் ஒரு வைக்கோல் தொப்பியுமாக இங்கே வந்து சேர்ந்தபோது முப்பத்தைந்து வயது. என்னைவிட ஆறு வயது மூப்பு. 'நீங்கள்' என்று தமிழில் நினைத்துக்கொண்டு ஆங்கிலத்தில் பேசினேன். இரண்டாம் மாதம் அந்த 'நீங்கள்' தானாகவே விழுந்துவிட்டது.

முதல் தடவை எங்கள் லாப்புக்கு வந்தது, மீன் சந்தையில் வேலை செய்யும் மனிதர்களைப் பற்றி அவன் எடுத்த ஒரு விவரணப் படத்தோடு. அந்தக் காலத்தில் ஒவ்வொரு றீலின் தலையிலும் ஒரு முகத்துண்டு ஒட்டியிருக்கும். சாம்பல் அட்டையோடு ஒரு வெள்ளைக்காரப் பெண். படம் பார்க்க வருகிறவர்கள் அவளைக் காண மாட்டார்கள். அவளுடைய தோல் சரியான நிறத்தில் வந்தால் படம் சரி. அதுதான் எங்கள் அளவுகோல். றைமுண்டோ முதல் றீலைப் பார்த்துவிட்டு எழும்பி நின்றான்.

"உந்த அம்மா வடிவா இருக்கிறா. அவ வடிவா இருக்கேக்க என்ர ஆக்கள் ஏன் சேத்துக்குள்ள கிடக்கினம்?"

சந்தையில் வேலை செய்தவர்களில் பாதிப்பேர் கறுப்பர், மீதிப்பேர் எங்களைப்போல. றைமுண்டோ அறையைச் சுற்றிப் பார்த்தான். கடைசிக் கதிரையில் நான் இருந்தேன். "நீ வா வெளியில" என்றான்.

சாமான் இறக்கும் முற்றத்தில் முதல் நாள் பனி கொட்டியிருந்தது. என்னை அதன் நடுவில் நிறுத்தினான். விளக்கு ஒன்றும் இல்லை. பனியில் பட்ட வெளிச்சம் கீழேயிருந்து என் முகத்துக்கு ஏறியது. "சிரிக்காதே. நீ ஒரு அளவுகோல்" என்றான். ஒரு முழுச் சுருளை என் மூஞ்சியில் செலவழித்தான். ஃபெரென்ஸ் அதைத் திரையில் ஓடவிட்டு நெடுநேரம் பார்த்தார். "காது பெரிசு" என்று மட்டும் சொல்லிவிட்டு, றைமுண்டோவின் றீல்களுக்கு இனி இதையே ஒட்டு என்றார். அதன் பிறகு இருபத்திரண்டு வருடம், அவன் எடுத்த ஒவ்வொரு படத்தின் ஒவ்வொரு றீலும் என் முகத்தோடுதான் தொடங்கியது. எனக்கு மயிர் கொட்டியது, கண்ணாடி வந்தது. றீலில் இருந்தவனுக்கு ஒன்றும் ஆகவில்லை. நான் இந்த நாட்டுக்கு வந்து, என் தோல்தான் சரி, மற்றதெல்லாம் அதற்கு ஏற்றபடி வரட்டும் என்று ஒருவன் சொன்னது அந்த ஒரு தடவைதான்.

அவனுடைய படங்களை எந்த இடத்தில் நிறுத்திப் பார்த்தாலும் அவனுடையது என்று தெரியும். மற்றவர்கள் முகத்துக்கு விளக்குப் போடுவார்கள். இவன் தரைக்குப் போடுவான். முதியோர் இல்லமோ பஸ் டிப்போவோ, நிலத்தில் வெள்ளைக் கட்டில் விரிப்புகளை விரித்துவிட்டு ஒரே ஒரு யன்னலைத் திறந்து வைப்பான். வெளிச்சம் நிலத்தில் பட்டு, புருவத்துக்குக் கீழே போய், கண்ணுக்குள் நுழையும். "எங்கட ஊரில மேல பாக்க ஏலாது. வெய்யில் நிலத்தில இருந்துதான் வரும்" என்பான். மன்னார் மணலில் வளர்ந்த எனக்கு அதை விளங்கப்படுத்தத் தேவையிருக்கவில்லை. பனி விழுந்த ரொறன்ரோவையும் அவன் அப்படித்தான் எடுத்தான். அவனுடைய பனி வெள்ளையாக இருக்காது. அடுப்புச் சாம்பலின் நிறம். அதில் நடக்கும் மனிதர்களின் முகங்கள் மட்டும் சூடாக இருக்கும்.

நீலம் அவனுக்கு ஆகாது. வானத்தை எப்போதும் வெளிறவிட்டு வெள்ளையாக்கிவிடுவான். ஒரு தயாரிப்பாளர் கொஞ்சம் நீல வானம் இருந்தால் நல்லது என்று கேட்டதற்கு, "அது விமானக் கொம்பனிக் கலண்டரில இருக்கு, வாங்கி மாட்டு" என்று சொல்லி அந்தப் படத்தையே இழந்தவன்.

அப்படிப்பட்டவன் நீலம் கேட்டான்.

அவனுடைய கடைசிப் படம் அது. ரொறன்ரோவில் வீடு துப்புரவாக்கும் ஒரு பெண், முப்பது வருடத்துக்குப் பிறகு வறண்ட தன் ஊருக்குத் திரும்பிப் போகும் கதை. முதல் பாதி இங்கே மாரியில், பனிக்குள். அடுத்த பாதி அது முடிந்த கையோடு அங்கே; எங்கள் மாரி அவர்களுக்குக் கோடை. அவனுடைய ஊருக்கு இருபது மைல் தள்ளி. வேறெதையும் அவன் அந்த அளவுக்கு ஆசைப்பட்டு நான் கண்டதில்லை. "அந்த மண்ணில ஒருக்கா வெளிச்சம் பிடிச்சுப்போட்டு கமராவை வைச்சிடுவன் அருள்" என்று சந்திக்கிற நேரமெல்லாம் சொன்னான்.

மாரிக்காலக் காட்சிகளின் முதல் றீல் வந்தது. வழக்கம்போல என் முகம். நான் வழக்கமான எண்களைப் போட்டிருந்தேன்.

"மஞ்சளாக் கிடக்கு. நீலம் கூட்டு" என்றான்.

இரண்டு புள்ளி மாற்றிக் காட்டினேன். இன்னும் என்றான். நாலு. இன்னும். பகிடி விடுகிறான் என்று நினைத்தேன். ஏழு புள்ளிக்குப் போனபோது திரையில் இருந்தவன், தண்ணீரிலிருந்து எடுத்துப் போட்ட பிரேதம். றைமுண்டோ முன்னால் சாய்ந்து, கண்ணை இடுக்கி, பிறகு நிம்மதியாகப் பின்னால் சாய்ந்தான்.

"இப்பதான் நீ" என்றான்.

ஒருவனுடைய கண்ணுக்கு உலகம் எப்படித் தெரிகிறது என்று வேறு யாருக்கும் தெரியாது. ஒரு தடவை எனக்குத் தெரிந்தது. இருட்டறையில் என் நிஜ முகம் அவனுக்குத் தெரியாது. நல்ல கண்ணால் அவன் ஒரு காலத்தில் கண்டு நினைவில் வைத்திருந்த முகத்தோடு திரையை ஒப்பிடுகிறான். அந்த நினைவைத் திரையில் கொண்டுவர ஏழு புள்ளி நீலம் தேவைப்படுகிறது என்றால், அவனுடைய கண்ணுக்குள் அத்தனை மஞ்சள் படிந்திருக்கிறது. கண்ணில் புரை விழுந்தால் அப்படி ஆகும் என்று ஃபெரென்ஸ் சொல்லித் தந்திருந்தார். அதற்காகத்தானே அந்த மூடிப் பெட்டி.

ஒரு வாரம் கழித்து, அடுத்த கிழமையும் அதே ஏழு. அதோடு இன்னும் வெளிச்சம் கேட்டான். போகும்போது இடப் பக்கத்துக் கதிரையில் இடித்துக்கொண்டு, "ஆர் இதை இஞ்ச வைச்சது?" என்றான். அந்தக் கதிரை பதினைந்து வருடமாக அங்கேதான் இருந்தது.

படப்பிடிப்பில் வேறு யாருக்கும் ஒன்றும் தெரியாது. தெரியவும் வராது. ஒளிமானி எண் சொல்லும், அவன் கை அந்த எண்ணுக்கு ஏற்றதைச் செய்யும். நெகற்றிவ் குறையே இல்லாமல் வந்தது. பிழை எங்கள் அறைக்குள், திரைக்கும் அவனுக்கும் நடுவில் மட்டும்தான் இருந்தது.

ஒரு நாள் மத்தியானம் அலுமாரியிலிருந்து மூடிப் பெட்டியை எடுத்து மேசையில் வைத்துக்கொண்டு காத்திருந்தேன். பகிடியாக, பந்தயம் பிடிப்போமா என்று கேட்டு அடுக்க வைக்கலாம் என்பது என் திட்டம். அவன் போத்துக்கீசர் பேக்கரியில் முட்டை ராட் என்ற இனிப்புப் பணியாரம் வாங்கிக்கொண்டு வந்தான். வந்ததும் வராததுமாகத் தன் ஊரில் படப்பிடிப்புக்கு இடம் பார்த்துவிட்டார்கள், காய்ந்த ஆறு ஒன்று கிடைத்திருக்கிறது என்று கதை தொடங்கினான். சின்னப் பிள்ளைபோலக் கையை விரித்து அந்த ஆற்றின் அகலத்தைக் காட்டினான்.

"என்ன பெட்டி?" என்று நடுவில் கேட்டான்.

"ஒண்டுமில்லை. லாப்புச் சாமான்" என்று சொல்லித் திரும்ப அலுமாரிக்குள் வைத்தேன்.

படத்துக்கு இன்சூரன்ஸ் கொடுக்கும் காப்புறுதிக்காரர் கமராக்காரனுக்கும் மருத்துவச் சான்று கேட்கும் காலம் அது. கண்ணில் கோளாறு என்ற பேச்சு வெளியே போனால் அன்றைக்கே வேறு ஆளைப் போட்டுவிடுவார்கள். காய்ந்த ஆறு போய்விடும். இது ஒரு நியாயம். இன்னொன்றையும் மறைக்காமல் எழுதுகிறேன். என்னை அளவுகோலாக்கியவனிடம் போய் உன் கண் பிழை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. எங்கள் ஆட்களுக்கு இது ஒரு நோய். மதிக்கும் மனிதனுக்குக் கெட்ட செய்தி சொல்வதில்லை. சொல்லாமல் இருப்பதை மரியாதை என்று பெயர் வைத்துக்கொள்வோம்.

எனவே கள்ளனானேன். அவன் கேட்டதைத் திரையில் போட்டுக் காட்டினேன். அவன் பட்டியலில் கையெழுத்துப் போட்டான். அவன் போன பிறகு, கண் நன்றாக இருந்த காலத்து றைமுண்டோ என்ன கேட்டிருப்பானோ அந்த எண்களை எழுதினேன். என் வழக்கமான கொப்பியில்தான்; தமிழ் என்பதால் வேறு யாரும் வாசிக்க முடியாது. கேட்டது. கொடுத்தது. ஃபெரென்ஸ் அப்போது உயிரோடு இல்லை.

றெஜினாவிடம் மட்டும் சொன்னேன். சமைத்துக்கொண்டிருந்தவள் அடுப்பை நிறுத்தினாள்.

"என்னப்பா சொல்லுறியள்? நீங்கள் அவற்ற படத்தைத் திருத்துறியள். அவற்ற கண்ணை ஆர் திருத்துறது?"

"லூசியம்மாளுக்கு நேர்ந்து மெழுகுதிரி கொளுத்து. அவனும் எங்கட வேதம்தானே" என்றேன், விளையாட்டாக. கண்ணுக்குக் காவலான புனிதை அவள். எங்கள் ஊரிலும் அவனுடைய ஊரிலும் அவளுக்குத் திருநாள் உண்டு.

"லூசியம்மாள் கண் டொக்டரிட்டப் போக வேண்டாம் எண்டு எங்கயும் சொல்லேல்ல. நாளைக்கே சொல்லுங்கோ."

"அந்தப் படம் முடியட்டும்."

"படம் ஓடிப் போகாது."

உனக்கு இந்தத் தொழிலில் என்ன தெரியும் என்று சத்தம் போட்டேன். இரண்டு நாள் அவள் என்னோடு பேசவில்லை. மூன்றாம் நாள் பேசினாள், ஆனால் அதைப் பற்றிப் பேசவில்லை. அதை என் வெற்றி என்று எடுத்துக்கொண்டேன்.

றைமுண்டோ போய் ஏழு கிழமை தன் ஊரில் படம் எடுத்தான். கமரா மேடையிலிருந்து இடப் பக்கமாகக் கால் தவறி விழுந்து மணிக்கட்டில் கட்டோடு திரும்பி வந்தான். வயது போன மாடு என்று எல்லோரும் கேலி செய்தோம். நானும் செய்தேன். நெகற்றிவைப் பார்த்தேன். அவன் வாழ்நாளில் எடுத்ததிலேயே ஆகச் சிறந்தது அது. அந்தப் பெண் காய்ந்த ஆற்றைக் கடக்கிறாள். வானம் இல்லை, வெறும் வெள்ளை. மண்ணிலிருந்து வெளிச்சம் ஏறி அவளுடைய முகத்தைக் கீழேயிருந்து கையில் ஏந்தி வைத்திருக்கிறது. அந்தக் காட்சிக்கும் அவன் நீலம் கேட்டான். காட்டினேன். கையெழுத்து வாங்கினேன். பிறகு அந்த நீலத்தை எடுத்துவிட்டேன்.

படம் வெளியானது. கையெழுத்துப் போட்டு முடித்த படத்தைத் திரும்பப் பார்க்கும் வழக்கம் றைமுண்டோவுக்கு இல்லை. எழுதியவர்கள் எல்லோரும் அந்த வெளிச்சத்தைப் பற்றித்தான் எழுதினார்கள். நான் சந்தோஷமாக இருந்தேன். வெட்கமில்லாமல் சந்தோஷமாக இருந்தேன்.

நாலு மாதம் கழித்து, தெருவோரம் நிறுத்தியிருந்த கார் ஒன்றை அவன் இடப் பக்கத்தால் உரசினான். மகள் பிடித்துக் கண் மருத்துவரிடம் கொண்டு போனாள். இரண்டு கண்ணிலும் புரை. அது பெரிய காரியமில்லை, எடுத்துவிடலாம். ஆனால் புரையைப் பார்க்கப் போன இடத்தில் மருத்துவர் வேறொன்றைக் கண்டார். கண்ணுக்குள் அழுத்தம். வலி இல்லாமல், ஓரத்திலிருந்து பார்வையைத் தின்றுகொண்டு வருகிற வியாதி. இடக்கண் முடிந்துவிட்டது. வலக்கண்ணில் நடுப்பகுதி மட்டும் மிச்சம். தின்றது திரும்பி வராது. ஒரு வருடம் முந்தி வந்திருந்தால் துளி மருந்தால் நிறுத்தி வைத்திருக்கலாம் என்று சொல்லியிருக்கிறார்.

வலக்கண்ணில் புரை எடுத்து வில்லை வைத்தார்கள். நிறங்கள் எல்லாம் திரும்பி வந்தன. ஒரு குழாய்க்குள்ளால் பார்ப்பதுபோல. அந்தக் கண்ணோடு அவன் முதலில் செய்தது, தியேட்டருக்குப் போய்த் தன் படத்தைப் பார்த்தது. அடுத்த நாள் காலை லாப்புக்கு வந்தான். தொப்பியைக் கழற்றவில்லை.

"நான் கேட்ட நீலம் எங்கை?" என்றான்.

கையிலிருந்த றீலை மேசையில் வைத்தேன்.

"படம் சரியா இருக்கு. அதுதான் கேக்கிறன். நான் கேட்டமாதிரி நீ போட்டிருந்தால் அது சரியா இருந்திருக்காது. இப்ப எனக்குத் தெரியுது. உனக்கு எப்ப தெரியும்?"

"முதல் றீலில."

"எந்த இடத்தில?"

"என்ர முகத்தில."

விரலில் கணக்குப் பார்த்தான். "பதினாலு மாசம்" என்றான். "டொக்டர் கேட்டது பன்னிரண்டு."

கத்தியிருந்தால் தாங்கியிருப்பேன். கத்தவில்லை. வாசற்படியைக் காலால் தேடிக் கண்டுபிடித்து இறங்கிப் போனான். நான் கை கொடுக்கப் போகவில்லை. அந்தத் துணிச்சல்கூட இருக்கவில்லை.

ஆறு வருடம் எங்களுக்குள் பேச்சு இல்லை. அவன் அதன் பிறகு ஒரு படமும் எடுக்கவில்லை. நான் ஓய்வு பெற்ற அன்று அழைத்தேன், வரவில்லை. பிறகு றெஜினா என்னிடம் கேட்காமலே அவனுக்குத் தொலைபேசி எடுத்திருக்கிறாள். என்ன பேசினார்கள் என்று இன்றுவரை சொல்லவில்லை. "செவ்வாய்க்கிழமை உங்களை வரட்டாம்" என்றாள்.

அன்று தொடங்கி இரண்டு கிழமைக்கு ஒரு தடவை பிக்கரிங்கில் ரெயின் ஏறி, நகரத்தில் இறங்கி, ஸ்ரீட்கார் என்ற ட்ராம் வண்டி பிடித்து, மேற்குப் பக்கம் போத்துக்கீசர் கடைகளுக்கு மேலே இருக்கும் அவனுடைய அப்பார்ட்மென்டுக்குப் போய்வருகிறேன். வலக்கண்ணில் மிஞ்சியதும் இப்போது போய்விட்டது. யன்னலுக்குப் பக்கத்தில் இருத்தி, என்ன தெரிகிறது என்று என்னிடம் கேட்பான். நான் வானம், கட்டிடம் என்று தொடங்கினால், "மேல பாக்காதே. தரையைச் சொல்லு" என்று அதட்டுவான். தரையைச் சொல்வேன். எந்தப் பக்கத்து வெளிச்சம், எங்கே பட்டு எங்கே ஏறுகிறது என்று. பிழையாகச் சொன்னால் கண்டுபிடித்துவிடுவான். அந்தப் பதினாலு மாதத்தைப் பற்றி மட்டும் நாங்கள் பேசியதே இல்லை.

இதைத்தான் பவித்ராவின் கேள்வி கிளறிவிட்டது. நாலாம் நாள் அவருடைய ஸ்ரூடியோவுக்குப் போனேன். சாம்பல் நிறச் சுவர். அந்த மட்டில் சந்தோஷம். நான் போட்டிருந்த சட்டையும் சாம்பல்தான், தேடி எடுத்துப் போட்டது.

"'கேட்டது' போடுங்கோ பிள்ளை" என்றேன்.

"முதல் றீலா சார்?"

"ஓம். தலையில இருந்து."

அந்த நாட்களுக்குப் பிறகு நான் அதைப் பார்க்கவே இல்லை. அப்போதும் முழுதாகப் பார்த்தேன் என்று சொல்ல முடியாது. திரை அல்ல, அவன் சொன்ன வார்த்தைதான் எனக்குள் நின்றது. இப்போது பெரிய திரையில் அந்த முகம் வந்தது. இருபத்தொன்பது வயது. நீலம் பாரித்து, உதடு கறுத்து, பனிக்கு நடுவில் செத்து நிற்கிறான். அவனுக்குப் பின்னால் வந்த தெருக்கள், மனிதர்கள், அந்தப் பெண் எல்லோருமே அப்படி. படம் பழுதாகிக் கிடந்தது. ஆனால் நான் படத்தைப் பார்க்கவில்லை. இந்த அளவு நீலத்தை ஊற்றினால்தான் உலகம் உலகமாகத் தெரியும் என்றால், அந்த மனிதன் எப்படிப்பட்ட இடத்துக்குள் இருந்துகொண்டு எங்களோடு முட்டை ராட் சாப்பிட்டான், பகிடி விட்டான், காய்ந்த ஆற்றைக் கை விரித்துக் காட்டினான். அத்தனை நாளும் அவன் என்னிடம் வந்து வந்து அதைத்தான் சொல்லியிருக்கிறான். எண்ணாகச் சொல்லியிருக்கிறான். நான் ஒருவன்தான் அந்த எண்ணை வாசிக்கத் தெரிந்தவன்.

பவித்ரா விளக்கைப் போடவில்லை. அழுது முடிக்கட்டும் என்று விட்டார். நல்ல பிள்ளை.

நேராக ஸ்ரீட்கார் பிடித்தேன். செவ்வாய்க்கிழமை இல்லையே என்று அவன் கேட்டான். கதிரையில் இருந்து, எல்லாவற்றையும் சொன்னேன்.

"உன்ர முகம் எப்பிடி இருந்தது?" என்றான்.

"நீலமா. பிரேதம்மாதிரி."

"அதைப் பாத்தே நான் சரியெண்டு சொன்னனான்?"

"'இப்பதான் நீ' எண்டு சொன்னாய்."

பக்கத்து வீட்டில் யாரோ வானொலியில் போத்துக்கீச மொழியில் பந்தாட்ட வர்ணனை கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

"றைமுண்டோ, உன்ர கண் பிழை. டொக்டரிட்டப் போ" என்றேன்.

ஏன் சொன்னேன் என்று எனக்கே தெரியவில்லை. வாய் தானாகச் சொன்னது. அவன் தலையை என் குரல் வந்த பக்கம் திருப்பினான்.

"அவ்வளவுதான் வசனம்" என்றான். "சொல்லிப் பாத்தியா? ஒரு மூச்சுக்குள்ள முடிஞ்சு போச்சு."

அவன் யன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான்.

"அந்தப் பிள்ளையிட்டச் சொல்லு, நீ குடுத்த எண்ணைப் போடச் சொல்லி. அதுதான் படம். அந்தப் பொம்பிளை ஆத்தைக் கடக்கேக்க நீலத்தில கடக்கக் கூடாது."

"சரி."

"ஆனா தலையில இருக்கிற உன்ர முகத்துக்கு மட்டும் நான் கேட்டது. ஏழு புள்ளி. எல்லா றீலுக்கும். அது ஒருத்தரும் பாக்காத துண்டுதானே. நாளைக்கு அந்தப் பெட்டியைத் திறக்கிற உன்னைமாதிரி ஒருத்தன் மட்டும் பாக்கட்டும்."

அன்று பின்னேரமே பவித்ராவுக்குத் தொலைபேசி எடுத்து இரண்டையும் சொன்னேன். எழுதிக்கொண்டார். படத்துக்கு 'கொடுத்தது', முகத்துக்கு 'கேட்டது' என்று ஒரு தடவை திருப்பிச் சொல்லிச் சரிபார்த்தார்.

"ஏன் சார், முகத்தை மட்டும் இப்படி விடறோம்?" என்று கேட்டார்.

தொலைபேசியில் சொல்ல முடியவில்லை. வீட்டுக்கு வந்து, றெஜினா தேநீர் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போன மேசைக்கு முன்னால் இருந்து, இதை அவருக்காக எழுதினேன்.